வழுக்கும் மலை, வழுக்காத ரயில்

(இரண்டாம் ஆண்டு, செராமிக் டிப்ளமோ)

கம்மாபுரம் கடைத்தெருவில் நான் சின்ன வயசிலிருந்து முடி வெட்டிக்கொள்ளும் சலூனில் ஒரு காலண்டர் படம் தொங்குகிறது. தேதித் தாள் எல்லாம் கிழிந்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது. படம் நன்றாக இருக்கிறதே என்று கடைக்கார அண்ணன் அதை மட்டும் விட்டு வைத்திருக்கிறார். சுண்ணாம்பு அடித்த மாதிரி வெள்ளை மலை. அதன் இடுப்பில் ஒரு சின்ன ரயில். பக்கத்தில் காலில் நீளப் பலகை கட்டிக்கொண்டு நாலு பேர் சிரித்தபடி நிற்கிறார்கள்.

"அண்ணே, அவங்க எதுக்குக் காலுல பலகை கட்டியிருக்காங்க?"

"அது வெளிநாடு தம்பி. ஆடாம உக்காரு, காது போயிடும்."

இந்தப் பதிலை வைத்துக்கொண்டே பத்து வருஷம் ஓட்டிவிட்டேன். நம் மாணவர் பேரவை மலருக்குக் கட்டுரை கேட்டு நோட்டீஸ் ஒட்டியதும் எனக்கு அந்தப் படம்தான் ஞாபகம் வந்தது. நண்பர்களே, எங்கள் ஊரில் மலை கிடையாது. நெய்வேலிச் சுரங்கத்தில் தோண்டிக் கொட்டிய மண்மேடுதான் நாங்கள் பார்த்த மலை. ரயிலும் கிடையாது, ரயில் ஏற விருத்தாசலம் போக வேண்டும். அப்படிப்பட்ட ஊர்க்காரன் மலை ரயிலைப் பற்றியும் பனிச்சறுக்கு ஊரைப் பற்றியும் எழுத வந்ததற்கு இரண்டு காரணம். ஒன்று அந்தக் காலண்டர். இன்னொன்று என் அரியர்.

போன செமஸ்டரில் என்ஜினியரிங் மெக்கானிக்ஸ் போய்விட்டது. உராய்வு, சாய்தளம் என்று ஒரு பாடம். சரிவில் ஒரு கட்டை, அதை இழுக்கும் ஒரு கயிறு, எவ்வளவு விசை வேண்டும் என்று கேட்பார்கள். வாய்பாட்டை மனப்பாடம் செய்து போனேன், பரீட்சை ஹாலில் மறந்துவிட்டது. வீட்டில் சொல்லாமல் இருக்க முடியுமா? எங்கள் குடும்பத்தில் பத்தாவதைத் தாண்டியவன் நான் ஒருத்தன்தான். "அரியர் விழுந்துடுச்சுப்பா" என்றேன். அப்பா முகம் வாடவில்லை. "அரியர்னா பாக்கிதானே, எவ்வளவு கட்டணும்?" என்று கேட்டார். நிலவரி பாக்கி மாதிரி நினைத்துக்கொண்டார். பணம் கட்டித் தீர்கிற பாக்கி இல்லை என்று அவருக்கு விளக்குவதற்குள் எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

ரயில் ஏன் சுலபமாக ஓடுகிறது? இரும்புச் சக்கரம் இரும்புத் தண்டவாளத்தில் உருள்கிறது, உராய்வு மிகக் குறைவு. சமதரையில் ஒரு டன் எடையை நகர்த்த ஏறக்குறைய 5 கிலோ இழுப்பு போதும். ஒரு பேச்சுக்கு இன்ஜின் 50 டன், பெட்டிகள் 80 டன் என்று வைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 130 டன். சமதரையில் 650 கிலோ இழுப்பில் வண்டி நகர்ந்துவிடும். அதே வண்டியை 12 அடி போனால் 1 அடி உயரும் சரிவில் நிறுத்துங்கள். இப்போது 130-ஐ 12-ஆல் வகுக்க வேண்டும். கிட்டத்தட்ட 11 டன் இழுப்பு! சமதரையில் கேட்டதைப் போலப் பதினாறு மடங்குக்கும் மேல்.

இன்ஜினுக்கு அவ்வளவு சக்தி கொடுத்துவிட்டால் ஏறிவிடுமா என்றால், அங்கேதான் சிக்கல். சக்கரம் தண்டவாளத்தைப் பிடித்தால்தானே தள்ளும்? காய்ந்த இரும்பில் சக்கரத்தின் பிடி, அது தாங்கும் எடையில் கால் பங்கு அளவுக்குத்தான். 50 டன் இன்ஜினில் சும்மா சுமை தாங்கும் சக்கரங்களின் பங்கைக் கழித்தால் நமக்குக் கிடைப்பது சுமார் 10 டன் பிடி. வேண்டியதோ 11. மழை பெய்து தண்டவாளம் நனைந்தால் பிடி இன்னும் கீழே போய்விடும். சக்கரம் நின்ற இடத்திலேயே சுற்றும், வண்டி பின்னால் வரும். எந்த உராய்வுக் குறைவு சமவெளியில் ரயிலைச் சீமான் ஆக்கியதோ, அதே குறைவு மலையில் அதன் காலை வாரிவிடுகிறது. பரீட்சையில் கேட்ட கட்டையும் சாய்தளமும் இதுதான். கட்டைக்குப் பதில் ரயில் என்று யாராவது சொல்லியிருந்தால் ஐந்து மார்க்காவது வாங்கியிருப்பேன்.

இனி நம்ம நீலகிரிக்கு வருவோம். கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் 1819-ல் நீலகிரி மலைக்குப் போனார். தோடர், கோத்தர், படகர், இருளர், குறும்பர் எல்லாம் காலங்காலமாக வாழ்ந்த மலைதான். வெள்ளைக்காரர்களுக்கு அது புதுசு. அடுத்த சில வருஷத்திலேயே ஊட்டியில் அவர் கல்வீடு கட்டினார். குளிர் அவர்கள் ஊர்க் குளிர் மாதிரி இருந்ததால் வெயில் காலத்தில் மெட்ராஸ் கவர்ன்மென்ட்டே மூட்டை கட்டிக்கொண்டு மலை ஏற ஆரம்பித்தது. 1873-ல் போத்தனூரிலிருந்து மேட்டுப்பாளையம் வரை ரயில் வந்துவிட்டது. அதற்கு மேல் குதிரை வண்டி, பல்லக்கு.

மலைக்கு ரயில் போட வேண்டும் என்ற பேச்சு 1854-லேயே எழுந்தது. பேச்சு பேச்சாகவே இருந்தது. அமெரிக்காவில் மவுண்ட் வாஷிங்டன் என்ற மலையில் 1869-ல் பல் வைத்த ரயில் ஓடியது. 1871-ல் சுவிட்சர்லாந்தில் ரிகி என்ற மலையில் நிக்லாஸ் ரிக்கன்பாக் என்ற என்ஜினியர் ஒன்றை ஓட்டிக் காட்டினார். இரண்டு தண்டவாளத்துக்கும் நடுவில் ஏணி மாதிரி ஒரு இரும்பு. இன்ஜினின் வயிற்றில் பல்சக்கரம். பல் ஏணிப்படியில் மாட்டி மாட்டி ஏறும். வழுக்கவே முடியாது. அந்த ரிக்கன்பாக்கையே 1882-ல் நீலகிரிக்கு வரவழைத்தார்கள். நீலகிரி ரிகி ரயில்வே என்ற பெயரிலேயே ஒரு கம்பெனி ஆரம்பித்தார்கள். பணம் திரளவில்லை. வேறு கம்பெனி வந்தது. 1891-ல் கவர்னர் வென்லாக் பிரபு முதல் மண்ணை வெட்டித் தொடங்கி வைத்தார். அந்தக் கம்பெனியும் நடுவழியில் நொடித்தது. இன்னொரு கம்பெனி வந்து 1899 ஜூன் மாதம் குன்னூர் வரை ரயில் விட்டது. 1903-ல் அரசாங்கம் விலைக்கு வாங்கியது. 1908 அக்டோபரில் ஊட்டி. பேச்சு தொடங்கி ஊட்டியில் ரயில் நிற்பதற்கு 54 வருஷம். நம்ம ஊர்ப் பாலங்களைக் குறை சொல்லும்போது இதையும் கொஞ்சம் நினைத்துக்கொள்ளலாம்.

பாதை மொத்தம் 46 கிலோமீட்டர். 326 மீட்டர் உயரத்தில் உள்ள மேட்டுப்பாளையத்தில் கிளம்பி 2,203 மீட்டர் உயரத்தில் உள்ள ஊட்டியில் முடிகிறது. 208 வளைவு, 16 குகை, 250 பாலம். கல்லாறிலிருந்து குன்னூர் வரை ஏறக்குறைய 20 கிலோமீட்டர்தான் பல் வைத்த பாதை. நான் மேலே சொன்ன 12-க்கு 1 சரிவு இங்கேதான் வருகிறது. குன்னூருக்கு மேல் 25-க்கு 1, அதனால் பல் தேவையில்லை.

எங்கள் வகுப்பில் ஊட்டி டூர் முடிவானபோது எனக்குக் கையும் காலும் தரையில் நிற்கவில்லை. கிளம்பும்போது அப்பா ஒன்றே ஒன்று கேட்டார். "அது மீட்டர் கேஜாமே, நெசமா?" அவர் கேட்டதற்குக் காரணம் உண்டு. என் அப்பா கல்யாணத்துக்கு முன்னால் விருத்தாசலம் பக்கம் மீட்டர் கேஜைப் பெயர்த்துவிட்டு அகலப்பாதை போட்டபோது கான்ட்ராக்டரிடம் ஜல்லி சுமந்தவர். தமிழ்நாடு முழுக்க மீட்டர் கேஜ் போய்விட்டது. இப்போது அந்த ஒரு மீட்டர் அகலத் தண்டவாளத்தில் பயணிகள் ரயில் ஓடுவது நீலகிரியில் மட்டும்தான். தான் பெயர்த்துப் போட்ட சாமான் எங்கேயோ ஒரு மலையில் இன்னும் உயிரோடு இருக்கிறது என்பதை அவரால் நம்ப முடியவில்லை.

டூரில் ஒரு ஏமாற்றம். மேட்டுப்பாளையத்தில் காலையில் கிளம்பும் வண்டிக்கு நாற்பது பேருக்கு டிக்கெட் கிடைக்கவில்லை. பஸ்ஸில் மேலே போய், ஊட்டியிலிருந்து குன்னூர் வரை டீசல் வண்டியில் வந்தோம். அது பல் இல்லாத பாதை! நான் ஜன்னலோரத்தில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வந்தேன். கூட வந்தவர்கள் குகைக்குக் குகை கத்திக்கொண்டு வந்தார்கள். கேத்தி ஸ்டேஷன் வந்ததும் 'மூன்றாம் பிறை' கடைசிக் காட்சியை ஒருத்தன் நடித்தே காட்டினான்.

குன்னூரில் இறங்கி, பிளாட்பாரம் முடியும் பக்கமாக நான் மட்டும் நடந்து போனேன். அங்கே நீராவி இன்ஜின் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றது. சீருடையில் இருந்த பெரியவர் ஒருவரிடம், "சார், பல் எங்க சார் இருக்கு?" என்று கேட்டேன். சிரித்துவிட்டார். "எனக்குக் கூடப் பாதி விழுந்துருச்சு தம்பி. இங்க வா, காட்டறேன்" என்று கூட்டிக்கொண்டு போனார். அவர் பிரேக்ஸ்மேன். அடுத்த அரை மணி நேரம் நான் படித்தது இரண்டு செமஸ்டருக்குச் சமம்.

நீலகிரியில் உள்ளது ரிக்கன்பாக்கின் ஏணி இல்லை. அவரிடமே வேலை பார்த்த ரோமன் ஆப்ட் என்பவர் 1882-ல் கண்டுபிடித்த முறை. நடுவில் ஒன்றுக்குப் பதில் இரண்டு பல்சட்டம் பக்கத்தில் பக்கத்தில் ஓடுகிறது. ஒன்றில் பல் இருக்கும் இடத்தில் மற்றதில் பள்ளம். இன்ஜினின் ஒரு பல்சக்கரம் ஒரு பல்லை விடும்போது இன்னொன்று கெட்டியாகக் கடித்துக்கொண்டிருக்கும். நம் பக்கம் பனை ஏறுகிறவரைப் பார்த்திருப்பீர்கள். கை மரத்தை அணைத்திருக்கும்போது கால் நகரும், கால் நின்ற பிறகு கை நகரும். இரண்டையும் ஒரே சமயத்தில் விட்டால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. கல்லாறில் பல்பாதை தொடங்கும் இடத்தில் ஸ்பிரிங் வைத்த ஒரு துண்டு உண்டாம். ஓடி வரும் சக்கரப் பல்லும் சட்டத்தின் பல்லும் முட்டிக்கொள்ளாமல், அது அமுங்கிக் கொடுத்துச் சேர்த்து வைக்கும்.

இன்ஜின் சுவிட்சர்லாந்தில் விண்டர்தூர் என்ற ஊரில் செய்தது. எக்ஸ் கிளாஸ் என்று பெயர். 1914-ல் தொடங்கி 1952 வரை பல தவணையாக வந்தது. இதில் நான்கு சிலிண்டர். இரண்டு, சாதாரண சக்கரத்தைச் சுற்றும். இரண்டு, பல்சக்கரத்தைச் சுற்றும். பல்பாதையில் நீராவி முதல் இரண்டு சிலிண்டரில் வேலை செய்துவிட்டு, வெளியே போகாமல் அடுத்த இரண்டில் நுழைந்து மறுபடி வேலை செய்கிறது. கரும்பு ஜூஸ் கடையில் ஒரு தடவை பிழிந்த கழியை மடித்து மறுபடி மெஷினில் விடுவாரே, அந்த மாதிரி. சமப்பாதைக்கு வந்தால் ஒரு பிழிவோடு சரி.

நம் துறைக்காரர்களுக்கு ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். இன்ஜினின் நெருப்புப் பெட்டிக்குள் ஃபயர் பிரிக் இருக்கிறது! நிலக்கரி இன்ஜினில் அதை வளைவாகக் கட்டியிருப்பார்கள். தீ நேராகக் குழாய்க்குள் ஓடாமல் அந்த வளைவைச் சுற்றிப் போகும்; அதற்குள் புகையும் எரிந்து தீர்ந்துவிடும்; கதவைத் திறக்கும்போது குளிர்காற்று குழாயில் அடிக்காது. எண்ணெயில் எரியும் இன்ஜினில் அடித்தட்டையே இந்தக் கல்லால் பாவியிருப்பார்கள். நாம் லேபில் சூளையிலிருந்து எடுத்துக் கை சுட்டுக்கொள்ளும் அதே ஜாதிக் கல்தான். "எங்க ஊர் விருத்தாசலம் சார், களிமண்ணுதான் படிக்கிறோம்" என்றேன். "அப்ப நீயும் ரயில்வேக்காரன்தான்" என்றார் பெரியவர். சும்மா சொன்னதுதான். இருந்தாலும் இரண்டு நாள் அதையே நினைத்துக்கொண்டிருந்தேன்.

மலை ஏறும்போது இன்ஜின் பெட்டிகளை இழுப்பதில்லை, பின்னாலிருந்து தள்ளுகிறது. இணைப்பு அறுந்தாலும் பெட்டி கீழே ஓடாமல் இன்ஜின் மேலேயே சாயும். ஆனால் டிரைவருக்கு எதிரே பாதை தெரியாது. அதனால் பெட்டிக்கு ஒரு பிரேக்ஸ்மேன் வெளி மேடையில் நிற்கிறார். முதல் பெட்டிக்காரர் பாதையைப் பார்த்துக் கொடி காட்டுவார், அதைப் பார்த்து அடுத்தவர், அவரைப் பார்த்து அடுத்தவர், கடைசியில் டிரைவர். யானை வந்தாலும் கல் விழுந்தாலும் கொடி வழியாகத்தான் சேதி போக வேண்டும். இறங்கும்போது ஆளாளுக்குக் கைப்பிரேக்கைச் சுற்றிப் பிடிப்பார்கள். "ஏத்தறது பெரிசில்ல தம்பி, எறக்கறதுதான் பெரிசு" என்றார். 11 டன் இழுப்பில் ஏறிய வண்டியை அதே 11 டன் கீழே இழுக்கும் என்ற கணக்கு எனக்கு அப்போதுதான் மண்டையில் இறங்கியது. மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டி போக ஏறக்குறைய 5 மணி நேரம். சைக்கிள் வேகம்தான். பல்லும் கையும் சேர்ந்து நடக்கும் வேகம் அவ்வளவுதான்.

இந்த ரயில் இல்லாத ஊட்டி எப்படி இருந்தது, ரயிலால் என்ன ஆனது என்று தேடப் போனபோதுதான் காலண்டர் படத்துக்கு விடை கிடைத்தது. நான் எதிர்பார்க்காத இடத்திலிருந்து.

1881 முதல் 1885 வரை மெட்ராஸ் ராணுவத்தின் தலைமைத் தளபதியாக இருந்தவர் ஃபிரடரிக் ராபர்ட்ஸ். ஆப்கானிஸ்தானில் கந்தகார் சண்டையில் ஜெயித்தவர். வெயில் காலத்தில் அவரும் அவர் ஆட்களும் ஊட்டிக்கு வருவார்கள். அவர் ஆட்களில் ஒருவரான நெவில் சேம்பர்லின் 1875-ல் ஜபல்பூரில் கண்டுபிடித்த ஸ்னூக்கர் விளையாட்டு, ஊட்டி கிளப்பில்தான் சட்டதிட்டம் பெற்றது. மலையில் வேலை குறைவு, பொழுது அதிகம். வேட்டை, குதிரைப் பந்தயம், ஸ்னூக்கர் என்று விளையாட்டு பெருகியது. ஊட்டியில் டிசம்பரிலும் ஜனவரியிலும் புல் மேல் உறைபனி படியும், ஆனால் சறுக்கி விளையாடும் அளவுக்குப் பனி பெய்வதில்லை. பெய்திருந்தால் அதையும் ஆரம்பித்திருப்பார்கள்.

பனியில் அந்த விளையாட்டை வளர்த்தவர்களில் ஒருவர் பிறந்தது மெட்ராஸில் என்றால் நம்புவீர்களா? ஆர்னால்ட் லன், பிறப்பு 1888. அப்பா ஹென்றி லன் பாதிரியார் வேலையாக இங்கே வந்தவர். சீக்கிரமே இங்கிலாந்து திரும்பி, பிறகு சுற்றுலாக் கம்பெனி நடத்தினார். ஆட்களைச் சுவிட்சர்லாந்துக்குக் கூட்டிப் போவது அவர் தொழில். அங்கே மியூரன் என்று ஒரு கிராமம். செங்குத்தான பாறைக்கு மேல், 1,600 மீட்டருக்கும் அதிக உயரத்தில், சில நூறு பேர் வாழும் ஊர். பொது வண்டிகள் ஏறும் சாலை இன்றைக்கும் கிடையாது. 1891-ல், அதாவது நம் நீலகிரியில் வென்லாக் முதல் மண் வெட்டிய அதே வருஷம், அந்த ஊருக்கு மலை ரயில் வந்தது. கீழ்ப்பாதி கயிறு கட்டி இழுக்கும் வண்டி, மேல்பாதி பாறை விளிம்பில் ஓடும் சின்ன ரயில். ஆனால் கோடையில் மட்டும். பனிக்காலம் வந்தால் ரயிலை நிறுத்திவிடுவார்கள். யார் வரப்போகிறார்கள் என்று நினைப்பு. ஊர் ஜனம் கதவைச் சாத்திக்கொண்டு மாட்டுக்கு வைக்கோல் போட்டுக்கொண்டு கிடந்தது.

1910-ல் ஹென்றி லன் பனிக்காலத்திலும் ரயிலை ஓட்டச் சொல்லிச் சம்மதிக்க வைத்தார். பலகை கட்டிக்கொண்டு சறுக்க நான் ஆள் கொண்டு வருகிறேன் என்றார். கொண்டும் வந்தார்.

இப்போது பலகைக்கு வருவோம். சும்மா பூட்ஸ் காலோடு பனியில் நின்றால் முழங்கால் வரை புதையும். நீளமான பலகை கட்டினால் அதே எடை பெரிய பரப்பில் பரவுகிறது, அழுத்தம் குறைகிறது, புதைவதில்லை. சேற்று வயலில் பலகை போட்டு நடக்கிற அதே தந்திரம். பலகை நகரும்போது உராய்வுச் சூட்டில் அடியில் மெல்லிசாகப் பனி உருகி நீர்ப்படலம் உண்டாகும், பலகை அதன்மேல் வழுக்கும். எனக்கு இதில்தான் ரசனை. ஒரே மலைச்சரிவு. ரயில்காரனுக்கு வழுக்கக் கூடாது, அதற்காகப் பல் செய்து வைத்திருக்கிறான். பலகைக்காரனுக்கு வழுக்க வேண்டும், அதற்காகப் பலகையில் மெழுகு தேய்க்கிறான். அந்த இரண்டு பேரும் ஒருவரையொருவர் நம்பிப் பிழைத்தார்கள்.

எப்படி என்றால், முன்பெல்லாம் நாலு மணி நேரம் பலகையோடு மலை ஏறினால் அரை மணி நேரத்தில் சறுக்கி முடிந்துவிடும். நாளைக்கு ஒரு தடவை. ரயில் வந்ததும் ஏறுவது ரயில் பாடு, இறங்குவது மட்டும் மனிதன் பாடு. ஒரே நாளில் பல தடவை சறுக்கலாம். மியூரனுக்கு எதிர்ப் பக்கத்து மலையில் வெங்கன் என்ற ஊர். அங்கே 1893-லேயே பல் ரயில் வந்துவிட்டது. அங்கே சறுக்க வந்த இங்கிலீஷ்காரர்கள் 1925-ல் ஒரு கிளப் ஆரம்பித்தார்கள். பெயரே 'டவுன்ஹில் ஒன்லி', அதாவது இறங்குவது மட்டும்! ஏறுவது எங்கள் வேலை இல்லை என்று வெளிப்படையாகவே பெயர் வைத்துவிட்டார்கள்.

மியூரனில் ஆர்னால்ட் லன் இருந்தார். 1909-ல் மலையேற்றத்தில் விழுந்து கால் முறிந்து, ஒரு கால் குட்டையாகவே போய்விட்ட மனிதர். அந்தக் காலோடு வாழ்நாள் முழுக்கச் சறுக்கினார். 1911-ல் அவர் நடத்திய மலையிறக்கப் போட்டிக்குக் கோப்பை கொடுத்தவர் யார் தெரியுமா? நம் ஊட்டிக்கு வந்துபோன அதே ராபர்ட்ஸ் பிரபு. கோப்பைக்குப் பெயர் 'ராபர்ட்ஸ் ஆஃப் கந்தகார்'. 1922-ல் மியூரனில் கொடிகளை நட்டு, அவற்றினூடே வளைந்து வளைந்து சறுக்கும் ஸ்லாலம் போட்டியை இன்றைய வடிவத்தில் லன் நடத்தினார். அழகாகச் சறுக்கினாயா என்பது கணக்கில்லை, யார் சீக்கிரம் வந்தார் என்பதே கணக்கு என்றார். 1924-ல் அங்கே தொடங்கிய கிளப்புக்கும் கந்தகார் என்றே பெயர். 1931-ல் மலையிறக்கச் சறுக்கலில் முதல் உலகப் போட்டி அந்தச் சின்ன ஊரில்தான் நடந்தது. சலூன் காலண்டரில் இருப்பது மியூரனா வெங்கனா என்று எனக்குச் சொல்லத் தெரியாது. அது அந்த வம்சம்.

நம் நாட்டிலும் சறுக்கு உண்டு. காஷ்மீரில் குல்மார்க்கில் 1927-லேயே கிளப் வந்துவிட்டது, ஆனால் அங்கே ரயில் ஏறுவதில்லை. 1903-ல் வந்த கல்கா–சிம்லா ரயிலில் போய், சிம்லாவுக்கு மேலே குஃப்ரி, நார்கண்டா பக்கம் பனி இருக்கும்போது சறுக்குகிறார்கள். ரயிலும் சறுக்கும் ஒன்றையொன்று கிட்டே நெருங்குவது நம் நாட்டில் அங்கேதான்.

மியூரன் பிழைத்தது. வெளியூர்க்காரன் விளையாட வந்ததால் ஊர்க்காரனுக்குப் பனிக்காலத்திலும் அடுப்பு எரிந்தது. 1967-ல் ஊருக்கு மேலே கம்பி வண்டி வந்தது. 2006-ல் ரயிலின் கயிற்றுப் பாதியையும் கம்பி வண்டியாக மாற்றிவிட்டார்கள், மேல்பாதி ரயில் ஓடுகிறது. ஆனால் ஆல்ப்ஸ் மலையில் உயரம் குறைந்த சறுக்கு ஊர்களில் வருஷத்துக்கு வருஷம் பனி குறைகிறது, செயற்கைப் பனி தூவுகிறார்கள். பனி இல்லாவிட்டால் பலகை எதற்கு?

நீலகிரிக்கு எமன் வேறு ரூபத்தில். மழை. 1978-லும், 1993 நவம்பரிலும், 2009 நவம்பரிலும் மலை சரிந்து பாதையையே தூக்கிக்கொண்டு போனது. பஸ் ரோடு இருக்கிறது, பஸ் வேகமாகவும் போகிறது. நஷ்டத்தில் ஓடும் ரயிலை எதற்குச் சரி செய்ய வேண்டும் என்று கேட்பவர்கள் கேட்டால் நியாயம் மாதிரித்தான் தெரியும். ஒவ்வொரு தடவையும் சரி செய்தார்கள். 2005 ஜூலையில் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம் என்று அறிவித்தது. 1999-ல் டார்ஜிலிங் ரயிலுக்குக் கிடைத்த பட்டியலில் இதையும் சேர்த்தார்கள். 2008-ல் சிம்லா ரயிலும் சேர்ந்தது.

பட்டம் கிடைத்தால் இன்ஜின் ஓடிவிடுமா? விண்டர்தூர் கம்பெனி நீராவி இன்ஜின் செய்வதை விட்டுப் பல காலம் ஆயிற்று. பழைய இன்ஜின்கள் தேய்ந்துகொண்டே வந்தன. இங்கேதான் நாம் மார்தட்டிக்கொள்ள வேண்டிய செய்தி. திருச்சி பொன்மலை ரயில்வே பணிமனைக்காரர்கள் நீலகிரிக்கென்று புதிய எக்ஸ் கிளாஸ் இன்ஜின்களைத் தாங்களே செய்தார்கள். 2011-க்குப் பிறகு எண்ணெயில் எரியும் இன்ஜின்கள் வந்தன, அதன் பின் நிலக்கரியில் எரியும் இன்ஜினும் வந்தது. சுவிட்சர்லாந்துக்காரன் ஏணி போட்டுக் கொடுத்தான் சரி. நூறு வருஷம் கழித்து அந்த ஏணிக்குக் காலைச் செய்தவர்கள் பொன்மலைக்காரர்கள். விருத்தாசலத்தில் ஏறினால் திருச்சி எவ்வளவு தூரம்? நம் ஐ.டி.ஐ., பாலிடெக்னிக் பையன்கள் பார்க்கிற ஃபிட்டர், வெல்டர் வேலைதான் அதுவும்.

டூர் முடிந்து வந்த அன்றைக்கு அப்பாவிடம் போனில் எடுத்த படத்தைக் காட்டினேன். குன்னூரில் அந்தப் பெரியவர் காட்டிய இடம். இரண்டு தண்டவாளம், நடுவில் பல்சட்டம், கிரீஸ் மினுமினுக்கிறது. அப்பா பல்லைப் பார்க்கவில்லை. படத்தைப் பெரிசு பண்ணச் சொன்னார். தண்டவாளத்துக்கு நடுவே கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் விரித்து வைத்துப் பார்த்தார்.

"மீட்டர் கேஜ்தான்" என்றார்.

அப்புறம் நான் பனை ஏறுவது, கரும்பு ஜூஸ், 11 டன் எல்லாம் சொன்னேன். அம்மா அடுப்படியிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தாள். கொடி காட்டுகிறவரைப் பற்றிச் சொன்னபோது மட்டும் அப்பா நிமிர்ந்து, மழையிலும் வெளியேதான் நிற்கிறாரா என்று கேட்டார். ஆமாம் என்றேன். அரியர் பரீட்சை அடுத்த மாதம். சாய்தளத்தில் கட்டை என்று கேட்டால் நான் கல்லாறில் ரயிலை நிறுத்திவிடுவேன். அப்பா இன்னும் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இந்தச் சரிவுல ஜல்லி நிக்காதேடா. மழைக்கு ஓடிடுமே. யாரு அள்ளி அள்ளிப் போடுறா?"

அதைக் கேட்காமல் வந்துவிட்டேன்.